மாஸ்கோ அருகே கிடைத்த டெல்லி தர்பார்

1911இல் டெல்லியில் நடந்த முடிசூட்டு தர்பாரை ஆங்கிலேயர்கள் வண்ணத்தில் படம்பிடித்தார்கள். இரண்டரை மணி நேரம் ஓடிய அந்த மௌன ஆவணப்படம் உலகையே வியக்க வைத்தது. சில ஆண்டுகளில் காணாமல் போனது. வெளியாகி 88 ஆண்டுகள் கழித்து அதன் ஒரு துண்டு ரஷ்யாவில் வெளிப்பட்டது. அந்தப் படம் தொலைந்த கதையிலும் கிடைத்த கதையிலும் நமக்குப் பாடம் இருக்கிறது.

1912ஆம் ஆண்டு பிப்ரவரி 2. லண்டன் நகரின் ஸ்காலா அரங்கில் மேடையைத் தாஜ்மகால் போலவே அலங்கரித்திருந்தார்கள். 48 பேர் கொண்ட இசைக்குழு ஒரு பக்கம், பாடகர்கள் ஒரு பக்கம், பறை முழக்குவோரும் பைப் வாத்தியக்காரர்களும் இன்னொரு பக்கம். விளக்குகள் அணைந்தன. திரையில் இந்தியா வந்தது, அதுவும் வண்ணத்தில்.

ஐந்தாம் ஜார்ஜ் மன்னரின் டெல்லி தர்பாரை லண்டன் மக்கள் ஏற்கெனவே கறுப்பு வெள்ளையில் பார்த்திருந்தார்கள். போட்டி நிறுவனங்கள் முந்திக்கொண்டு தங்கள் படங்களை வெளியிட்டு ஒரு மாதம் ஆகியிருந்தது. பழைய செய்தியை யார் காசு கொடுத்துப் பார்ப்பார்கள் என்ற சந்தேகம் இருந்தது. ஆனால், சிப்பாய்களின் சிவப்புச் சட்டையும், சமஸ்தான மன்னர்களின் பட்டும், யானைகளின் முகபடாமும் அவற்றுக்குரிய நிறத்தோடு அசைந்து வந்தபோது அரங்கம் மயங்கிப்போனது. ஒரு காட்சி என்ற கணக்கெல்லாம் போய், மாதக்கணக்கில் ஓடியது அந்தப் படம்.

படத்தின் பெயர் 'வித் அவர் கிங் அண்ட் க்வீன் த்ரூ இந்தியா'. மக்கள் சுருக்கமாக 'டெல்லி தர்பார்' என்றே சொன்னார்கள். மொத்த நீளம் சுமார் 16,000 அடி. கதைப்படங்களே பெரும்பாலும் பத்து, இருபது நிமிடங்களில் முடிந்துவிட்ட காலத்தில், இரண்டரை மணி நேரம் ஓடும் ஆவணப்படம் என்பது நினைத்துப் பார்க்க முடியாத துணிச்சல். உலக சினிமா வரலாற்றின் மைல்கல்களில் ஒன்று அது.

இன்றைக்கு அதில் எஞ்சியிருப்பதாக அறியப்படுபவை இரண்டே சுருள்கள்.

ஒரே ஒரு தடவை அணிந்த கிரீடம்

இந்தியாவில் ஆங்கிலேயர்கள் மூன்று முறை முடிசூட்டு தர்பார் நடத்தினார்கள். 1877, 1903, 1911. மூன்றும் டெல்லியில்தான். முதல் இரண்டுக்கும் பேரரசி விக்டோரியாவோ, ஏழாம் எட்வர்டோ வரவில்லை. மூன்றாவதற்கு மட்டும் ஐந்தாம் ஜார்ஜ், அரசி மேரியுடன் நேரிலேயே கப்பலேறி வந்தார். 1911 டிசம்பர் 2 அன்று பம்பாயில் இறங்கினார்.

பிரிட்டன் அரச கிரீடத்தை நாட்டைவிட்டு வெளியே கொண்டுபோகக் கூடாது என்பது விதி. ஆகவே இந்தப் பயணத்துக்கென்றே ஆயிரக்கணக்கான வைரங்கள் பதித்த புதுக் கிரீடம் ஒன்று லண்டனில் செய்யப்பட்டது. செலவு சுமார் 60,000 பவுண்டு. கொடுத்தது இந்தியக் கருவூலம். தர்பாருக்குப் பிறகு எந்த மன்னரும் அந்தக் கிரீடத்தை அணியவில்லை. கிரீடம் கனத்துத் தலை வலித்தது என்று ஜார்ஜ் தன் நாட்குறிப்பில் எழுதி வைத்திருக்கிறார்.

டிசம்பர் 7 அன்று டெல்லிக்குள் ஊர்வலமாக நுழைந்தபோது மன்னர் யானை மேல் வரவில்லை. ராணுவ உடையும் வெயில் தொப்பியும் அணிந்து குதிரையில் வந்தார். சுற்றிலும் அதே மாதிரி உடை அணிந்த அதிகாரிகள் என்பதால், வழியெங்கும் காத்திருந்த மக்களில் பலருக்கு மன்னர் யாரென்றே தெரியாமல் போய்விட்டது.

டிசம்பர் 12 அன்று தர்பார். சமஸ்தான மன்னர்கள் ஒவ்வொருவராக வந்து மண்டியிட்டும் குனிந்தும் வணங்கிச் சென்றார்கள். பரோடாவின் மூன்றாம் சாயாஜிராவ் கெய்க்வாட் எளிய வெள்ளுடையில் வந்து, ஒரே ஒரு முறை தலைகுனிந்துவிட்டு, முதுகைக் காட்டித் திரும்பி நடந்தார். அரசரை அவமதித்துவிட்டார் என்று பெரும் கூச்சல் எழுந்தது. அவர் விளக்கமும் வருத்தமும் தெரிவித்துக் கடிதம் எழுத வேண்டி வந்தது. கறுப்பு வெள்ளைக் காமிராக்கள் அந்தக் கணத்தைப் பிடித்து லண்டன் அரங்குகளுக்கு அனுப்பின. ஒரு மன்னர் எப்படிக் குனிந்தார் என்பதைச் சினிமாச் சுருளை வைத்து நாடே விவாதித்தது அப்போதுதான்.

அன்றுதான் இரண்டு பெரிய அறிவிப்புகளும் வந்தன. இந்தியாவின் தலைநகர் கல்கத்தாவிலிருந்து டெல்லிக்கு மாறும். 1905இல் கர்சன் பிரபு இரண்டாக வெட்டிய வங்காளம் மீண்டும் ஒன்று சேரும். இன்று நம் நாடாளுமன்றம் இருக்கும் ஊர் எது என்பதைத் தீர்மானித்த நாள் அது.

சுருளில் இல்லாத நிறம்

இதையெல்லாம் வண்ணத்தில் பிடிக்க வந்தவர் சார்லஸ் அர்பன். அமெரிக்காவின் சின்சினாட்டியில் பிறந்தவர். புத்தக விற்பனையாளராக வாழ்க்கையைத் தொடங்கி, 1897இல் லண்டனுக்கு வந்து சினிமாத் தொழிலில் காலூன்றியவர். கதைப்படங்களைவிட நிஜ உலகைக் காட்டும் படங்கள்தான் அவருக்கு உயிர். நாடுகள், தொழில்கள், பூச்சிகள், போர்கள் என்று எல்லாவற்றையும் படம்பிடிக்க ஆள் அனுப்பினார். சினிமா என்பது அறிவைப் பரப்பும் கருவி என்று மனதார நம்பினார்.

நிஜ உலகைக் காட்ட வேண்டுமென்றால் நிறமும் வேண்டும். அந்தத் தேடலில் எட்வர்ட் ரேமண்ட் டர்னர் என்ற இளைஞருக்கு அர்பன் பணம் கொடுத்தார். டர்னரின் முறை சிவப்பு, பச்சை, நீலம் என்ற மூன்று நிறங்களில் அமைந்தது. அது திரையில் ஒழுங்காக ஓடுவதற்கு முன்பே 1903இல் டர்னர் இறந்துபோனார். வேலையை எடுத்துக்கொண்டவர் பிரைட்டன் பக்கத்தைச் சேர்ந்த ஜார்ஜ் ஆல்பர்ட் ஸ்மித். அவர் ஒரு நிறத்தையே கழித்துக் கட்டினார். சிவப்பும் பச்சையும் போதும் என்றார். 1906இல் காப்புரிமை பெற்ற அந்த முறைக்குக் கினிமாகலர் என்று பெயர் வைத்தார்கள்.

கினிமாகலர் வேலை செய்யும் விதம் விநோதமானது. காமிராவின் முன்னால் ஒரு சக்கரம் சுழலும். அதில் சிவப்புக் கண்ணாடியும் பச்சைக் கண்ணாடியும் மாறி மாறி வரும். ஆகவே படச்சுருளின் முதல் சட்டகத்தில் சிவப்பு ஒளி மட்டும் பதியும். அடுத்ததில் பச்சை ஒளி மட்டும். மறுபடி சிவப்பு, மறுபடி பச்சை. ஆனால் சுருள் என்னவோ சாதாரணக் கறுப்பு வெள்ளைச் சுருள்தான். அதைத் திரையிடும்போது புரொஜெக்டரின் முன்னாலும் அதேபோல ஒரு சக்கரம் சுழலும். சிவப்புச் சட்டகம் சிவப்பு ஒளியாகவும், பச்சைச் சட்டகம் பச்சை ஒளியாகவும் திரையில் விழும். மிக வேகமாக மாறுவதால் நம் கண்ணுக்கு இரண்டும் கலந்து ஒரே வண்ணப்படமாகத் தோன்றும்.

அதாவது, நிறம் சுருளில் இல்லை. சக்கரத்திலும் பார்ப்பவர் கண்ணிலும்தான் இருந்தது.

இதற்கு விலையும் உண்டு. சாதாரணப் படங்கள் நொடிக்குச் சுமார் 16 சட்டகங்கள் ஓடிய காலத்தில் இது 32 ஓட வேண்டும். ஆகவே சுருள் இரட்டிப்பாகச் செலவாகும். ஆயிரம் அடிச் சுருள் சுமார் எட்டு நிமிடத்தில் தீர்ந்துவிடும். இரண்டு சட்டகங்களும் ஒரே கணத்தில் எடுக்கப்பட்டவை அல்ல என்பதால், வேகமாக அசையும் பொருளின் ஓரத்தில் சிவப்பும் பச்சையுமாக நிழல் தெறிக்கும். நீலம் சரியாக வராது. கண்ணாடி பாதி ஒளியை விழுங்கிவிடுவதால் நல்ல வெயில் கட்டாயம் வேண்டும்.

மேகம் கவிந்த லண்டனில் திணறிய அந்த முறைக்கு டெல்லியின் டிசம்பர் வெயில் வரமாக அமைந்தது. திறந்த வெளி, பளிச்சென்ற வானம், மெதுவாக நகரும் ஊர்வலங்கள், சிவப்பு ஆதிக்கம் செலுத்தும் உடைகள். கினிமாகலருக்கென்றே அமைத்த நிகழ்ச்சி போல இருந்தது தர்பார். அர்பன் தன் சிறந்த ஒளிப்பதிவாளர்களை அழைத்துக்கொண்டு நேரில் வந்தார். பம்பாய் வரவேற்பு, டெல்லி நுழைவு, தர்பார், படை அணிவகுப்பு, கல்கத்தா விழா என்று அரசப் பயணம் முழுவதையும் தொடர்ந்து பதிவு செய்தார்கள்.

லண்டனில் படம் பெற்ற வெற்றி மலைக்க வைப்பது. 1912 மே மாதம் மன்னரும் அரசியுமே ஸ்காலாவுக்கு வந்து, தங்கள் பயணத்தை வண்ணத்தில் பார்த்தார்கள். சினிமா என்றால் சந்தைக் கூடாரத்தில் காட்டும் மலிவு வேடிக்கை என்று ஒதுங்கியிருந்த மேல்தட்டு மக்கள் வண்டி கட்டிக்கொண்டு வந்தார்கள். படத்தின் வசூல் 1,50,000 பவுண்டைத் தொட்டதாகத் திரைப்பட வரலாற்றாசிரியர்கள் எழுதுகிறார்கள். இன்றைய கணக்கில் அது பல கோடி.

வழக்கு, போர், தீ

இவ்வளவு புகழோடு ஓடிய படம் எப்படித் தொலையும்?

முதல் அடி நீதிமன்றத்தில் விழுந்தது. வில்லியம் ஃபிரீஸ்-கிரீன் என்ற கண்டுபிடிப்பாளரின் போட்டி முறையை வைத்திருந்த பயோஸ்கீம்ஸ் நிறுவனம், ஸ்மித்தின் காப்புரிமை செல்லாது என்று வழக்குப் போட்டது. வாதம் எளிமையானது. இயற்கை நிறங்களைக் காட்டுவதாகக் காப்புரிமையில் சொல்லியிருக்கிறது. ஆனால் சிவப்பையும் பச்சையையும் வைத்து நீலத்தைக் காட்ட முடியாது. சொன்னதைச் செய்யாத முறைக்கு உரிமை எதற்கு? முதல் நீதிமன்றம் இதை ஏற்கவில்லை. 1914இல் மேல்முறையீட்டு நீதிமன்றம் ஏற்றது. 1915இல் பிரபுக்கள் சபையும் அதையே உறுதி செய்தது. கினிமாகலரின் தனியுரிமை முடிந்தது.

இரண்டாவது, முதல் உலகப் போர். மக்களுக்கு இப்போது வேண்டியவை போர்முனைச் செய்திகள். தர்பார் பழங்கதை ஆகிவிட்டது. அர்பன் போர்ப் பிரசாரப் படங்களுக்குத் திரும்பினார், அமெரிக்கா போனார், அங்கே தொழில் நொடித்தது. 1942இல் பிரைட்டனில் காலமானார்.

மூன்றாவது காரணம் தொழில்நுட்பம். கினிமாகலரைத் திரையிடத் தனிப் புரொஜெக்டர் வேண்டும். நிறுவனம் போனதும் எந்திரங்களும் மூலைக்குப் போயின. எந்திரம் இல்லாவிட்டால் அந்தச் சுருள் வெறும் கறுப்பு வெள்ளை. அதுவும் சாதாரண எந்திரத்தில் ஓட்டினால் கண்ணைக் கூசவைக்கும் அளவுக்குத் துடிக்கும் கறுப்பு வெள்ளை. யாருக்கும் பயன்படாத சுருளை யார் பாதுகாப்பார்கள்?

நான்காவது, எல்லா மௌனப்படங்களுக்கும் பொது எதிரி: நைட்ரேட். 1950களின் தொடக்கம் வரை படச்சுருள்கள் செல்லுலோஸ் நைட்ரேட்டில் செய்யப்பட்டவை. வெடிமருந்தின் உறவுக்காரப் பொருள் அது. எரிவதற்கு வேண்டிய ஆக்சிஜனைத் தனக்குள்ளேயே வைத்திருப்பதால் தண்ணீரில் போட்டாலும் அணையாது. எரியாமல் தப்பினால் அழுகும். முதலில் உருவம் மங்கும், பிறகு சுருள் பிசுபிசுக்கும், குமிழி விடும், கடைசியில் பழுப்புத் தூளாக உதிரும். வெப்பமும் ஈரமும் சேர்ந்தால் இதெல்லாம் விரைவாக நடக்கும். போதாக்குறைக்கு, சுருளின் மேல் பூசிய வெள்ளிக்காகவே பழைய படங்களை எடைக்குப் போட்டு உருக்கிய வழக்கம் உலகம் முழுவதும் இருந்தது.

இப்படித்தான் 16,000 அடி நீளமுள்ள வண்ண இந்தியா, புத்தகங்களில் ஒரு பெயராகச் சுருங்கிப்போனது.

கிராஸ்னகோர்ஸ்க்

மாஸ்கோவுக்கு வெளியே இருக்கும் சிறு நகரம் கிராஸ்னகோர்ஸ்க். ரஷ்ய அரசின் ஆவணத் திரைப்பட, புகைப்படக் காப்பகம் அங்கேதான் இருக்கிறது. 1926இல் தொடங்கப்பட்ட காப்பகம். ஜார் மன்னர் காலத்துப் படங்களிலிருந்து சோவியத் செய்திப்படங்கள் வரை லட்சக்கணக்கான பெட்டிகள் அங்கே அடுக்கப்பட்டிருக்கின்றன. ஹிட்லரின் படையெடுப்பையும் சோவியத் யூனியன் சிதறியதையும் தாண்டி நின்ற பெட்டகம் அது.

2000ஆம் ஆண்டில் அங்கேதான் டெல்லி தர்பார் படத்தின் ஒரு சுருள் அடையாளம் காணப்பட்டது. தர்பார் முடிந்த பிறகு மன்னர் முன்னிலையில் 50,000 வீரர்கள் கலந்துகொண்ட படை அணிவகுப்பு அதில் இருந்தது.

கினிமாகலர் சுருளை அடையாளம் காண்பதே ஒரு கலை. வெறும் கண்ணுக்கு அது எல்லாச் சுருளையும் போலவே தெரியும். நிறமே இல்லாத வண்ணப்படம் அல்லவா! ஆனால் அடுத்தடுத்த சட்டகங்களை உற்றுப் பார்த்தால் வித்தியாசம் புலப்படும். ஒரு சட்டகத்தில் சிப்பாயின் சட்டை வெளிறியிருக்கும். அடுத்த சட்டகத்தில் அதே சட்டை கறுத்திருக்கும். மறுபடி வெளிறல், மறுபடி கறுப்பு. சிவப்புச் சட்டை சிவப்புக் கண்ணாடி வழியே வெளிச்சமாகவும் பச்சைக் கண்ணாடி வழியே இருட்டாகவும் பதிந்ததன் தடயம் அது. இந்த ஏற்ற இறக்கத்தைப் படிக்கத் தெரிந்தவர் பார்க்கும்வரை அந்தச் சுருள் கறுப்பு வெள்ளைதான்.

இன்று அதற்குச் சுழலும் சக்கரம் தேவையில்லை. ஒவ்வொரு சட்டகத்தையும் கணினியில் ஏற்றி, சிவப்புப் பதிவுகளையும் பச்சைப் பதிவுகளையும் தனித்தனியே பிரித்து, உரிய நிறமூட்டி ஒன்றின் மேல் ஒன்று பொருத்தினால் 1911இன் வண்ணம் திரும்பி வருகிறது. இது பழைய படங்களுக்கு இப்போது கணினி பூசிவிடும் கற்பனை நிறமல்ல. அன்று டெல்லி வெயிலில் அந்தச் சட்டை உண்மையிலேயே தெறித்த ஒளி. செயற்கை நுண்ணறிவு எதை வேண்டுமானாலும் வண்ணமாக்கித் தரும் இந்தக் காலத்தில் அந்த வேறுபாட்டை நாம் மறக்கக் கூடாது. ஒன்று சாட்சி, மற்றது ஊகம்.

கிராஸ்னகோர்ஸ்க் இன்னொரு படத்தையும் உலகுக்குத் திருப்பித் தந்தது. சோவியத் மேதை ஸிகா வெர்தோவ் 1918இல், ரஷ்யப் புரட்சியின் முதல் ஆண்டு நிறைவுக்காகத் தொகுத்த 'புரட்சியின் ஆண்டு நிறைவு' என்ற இரண்டு மணி நேர ஆவணப்படம் அது. அவருக்கு அப்போது வயது 22. பின்னாளில் அந்தப் படத்தைத் துண்டு துண்டாக வெட்டி வேறு படங்களில் ஒட்டிவிட்டார்கள். அதில் இருந்த தலைவர்களில் ட்ரொட்ஸ்கி முதலான பலர் பிறகு ஸ்டாலின் ஆட்சியில் வரலாற்றிலிருந்தே நீக்கப்பட்டார்கள். துண்டுகள் பெயரில்லாமல் காப்பகத்தில் கிடந்தன. இலக்கிய ஆவணக் காப்பகம் ஒன்றில் படத்தின் பழைய விளம்பரத்தாள் கிடைத்தது. இடையில் வரும் எழுத்து அட்டைகளின் பட்டியல் முழுவதும் அதில் வரிசையாக இருந்தது. அந்தத் தாளை வழிகாட்டியாகக் கொண்டு நிகலாய் இஸ்வோலவ் என்ற ஆய்வாளர் படத்தை மறுபடி கோத்தார். 2018இல், சரியாக நூறு ஆண்டுகள் கழித்து, ஆம்ஸ்டர்டாம் ஆவணப்பட விழாவில் அது திரையேறியது.

இப்படிக் கிடைத்தவை உலகெங்கும் உண்டு. இங்கிலாந்தின் பிளாக்பர்ன் நகரில் 1994இல் ஒரு பழைய கடையின் நிலவறையில் மூன்று உலோகப் பீப்பாய்களில் எண்ணூறுக்கும் மேற்பட்ட நெகட்டிவ் சுருள்கள் கிடைத்தன. மிட்செல், கென்யன் என்ற இருவர், ஆலையிலிருந்து வெளியேறும் தொழிலாளர்களையும் தெருவில் ஓடும் சிறுவர்களையும் 1900ஐ ஒட்டிய ஆண்டுகளில் படம்பிடித்தவை. கனடாவின் டாசன் நகரில் 1978இல் கட்டட வேலைக்காகத் தோண்டியபோது, மூடப்பட்ட நீச்சல்குளம் ஒன்றில் புதைந்திருந்த 500க்கும் மேற்பட்ட சுருள்கள் வெளிவந்தன. உறைபனி மண் அவற்றைக் காப்பாற்றியிருந்தது.

இவற்றை அதிர்ஷ்டம் என்று சொல்லி நகர்ந்துவிடலாம். அது சரியல்ல. பிளாக்பர்ன் பீப்பாய்களைக் குப்பைக்குப் போகவிடாமல் தடுக்க உள்ளூரில் ஒரு சினிமா ஆர்வலர் இருந்தார். வாங்கி வைக்கப் பிரிட்டிஷ் திரைப்படக் கழகம் இருந்தது. வெர்தோவின் துண்டுகளைப் பெயர் தெரியாவிட்டாலும் வீசி எறியாத காப்பகம் இருந்தது. காத்து வைத்தவர்கள் இருந்த இடத்தில்தான் அதிர்ஷ்டம் வந்தது.

காமிரா காட்டாத இந்தியா

மீண்ட தர்பார் சுருளை நாம் எப்படிப் பார்க்க வேண்டும்? அது ஆள்பவர் எடுத்த படம். எந்த இடத்தில் காமிரா நிற்கலாம், யாரைக் காட்டலாம் என்பதை அரசாங்கம் முடிவு செய்தது. இரண்டரை மணி நேரத்தில் இந்தச் சுருளில் எஞ்சியது படை அணிவகுப்பு என்பது தற்செயல்தான். ஆனாலும், அந்த ஆட்சி எதன் மேல் நின்றது என்பதை அந்தத் துண்டே சொல்லிவிடுகிறது.

அதே 1911இல் திரைக்கு வராத இன்னொரு இந்தியா இருந்தது. மன்னரின் லண்டன் முடிசூட்டு விழாவுக்கு ஐந்து நாள் முன்பு, ஜூன் 17 அன்று மணியாச்சி ரயில் நிலையத்தில் கலெக்டர் ஆஷை வாஞ்சிநாதன் சுட்டுக் கொன்றார். அவருடைய சட்டைப்பையில் இருந்த கடிதம் ஐந்தாம் ஜார்ஜின் முடிசூட்டை எதிர்த்தது. தர்பார் நடந்த நாளில் வ.உ.சி. சிறையில் இருந்தார். பாரதி புதுச்சேரியில் தஞ்சம் புகுந்திருந்தார். வங்காளப் பிரிவினை ரத்தானதே ஆறு ஆண்டுக்கால மக்கள் போராட்டத்தின் விளைவு. அந்தக் கோபத்தின் ஒரு சட்டகமாவது நம்மிடம் இருக்கிறதா?

ஒரு காலத்தில் இருந்தது. கல்கத்தாவில் ராயல் பயாஸ்கோப் நிறுவனம் நடத்திய ஹீராலால் சென், 1905 செப்டம்பர் 22 அன்று கல்கத்தா டவுன் ஹாலில் நடந்த பிரிவினை எதிர்ப்புக் கூட்டத்தைப் படம்பிடித்தார். இந்தியாவின் முதல் அரசியல் ஆவணப்படம் என்று அதைச் சொல்வார்கள். 1911 தர்பாரையும் அரசரின் வருகையையும் அவர் படம்பிடித்தார். அதாவது, அர்பனின் காமிரா பார்த்த அதே நிகழ்வை ஓர் இந்தியக் கண்ணும் பார்த்தது. 1917இல் அவருடைய படங்கள் வைத்திருந்த கிடங்கு தீப்பற்றியது. வாழ்நாள் உழைப்பு முழுதும் சாம்பலானது. நோயுற்றிருந்த ஹீராலால் அதே ஆண்டு அக்டோபரில் இறந்தார். அவர் எடுத்த ஒரு படம்கூட இன்று இல்லை.

ஆண்டவர் எடுத்ததில் இரண்டு சுருளாவது மிஞ்சியது. ஆளப்பட்டவர் எடுத்தது அடியோடு அழிந்தது. இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்து இந்தியாவை இன்று அசையும் படமாகப் பார்க்க விரும்பினால், பெரும்பாலும் வெள்ளைக்காரர் நின்ற இடத்திலிருந்துதான் பார்க்க வேண்டியிருக்கிறது. இதுதான் இந்தக் கதையில் மனதை அறுக்கும் உண்மை.

நம் ஊர் நிலைமை இதைவிட மோசம். தமிழின் முதல் மௌனப்படமான 'கீசக வதம்' எடுத்த ஆர்.நடராஜ முதலியார், கர்சன் பிரபுவைப் படம்பிடித்த ஆங்கில ஒளிப்பதிவாளர் ஒருவரிடம் புனேயில் தொழில் கற்றவர். அப்படிப்பட்ட தொடர்ச்சி நமக்கு இருந்தது. சென்னையை மையமாகக் கொண்டு மௌனப்படக் காலத்தில் 124 கதைப்படங்களும் 38 ஆவணப்படங்களும் எடுக்கப்பட்டதாகத் திரைப்படப் பாதுகாப்பில் ஈடுபட்டிருப்பவர்கள் கணக்குச் சொல்கிறார்கள். அத்தனையிலும் மிஞ்சியது ஒன்றே ஒன்று, 1933இல் வந்த 'மார்த்தாண்ட வர்மா' என்ற கதைப்படம். 38 ஆவணப்படங்களில் ஒன்றுகூட இல்லை.

'மார்த்தாண்ட வர்மா' பிழைத்ததும் ஒரு வழக்கின் புண்ணியத்தில். நாகர்கோவிலைச் சேர்ந்த சுந்தர்ராஜ் தயாரித்த அந்தப் படத்தின் மீது, மூல நாவலின் பதிப்பாளர் உரிமை வழக்குத் தொடுத்தார். படம் முடக்கப்பட்டது. திரையரங்குகளில் ஓடித் தேயாமல் பதிப்பாளரிடமே பல ஆண்டுகள் கிடந்தது. 1974இல் தேசியத் திரைப்படக் காப்பகத்தின் பி.கே.நாயர் அதை மீட்டுப் புனேவுக்குக் கொண்டுபோனார்.

ஆவணப்படத்துக்கு உயிரைக் கொடுத்த தமிழர் ஏ.கே.செட்டியார். காந்தி பற்றிய படச்சுருள்களைத் தேடி உலகம் சுற்றி, 50,000 அடி சேகரித்து, அதிலிருந்து 12,000 அடியில் 'மகாத்மா காந்தி' படத்தை உருவாக்கினார். 1940இல் தமிழில் வெளியான அந்தப் படமும் காணாமல் போனது. அமெரிக்காவில் வெளியிட்ட ஆங்கிலப் பதிப்பை மட்டும் வரலாற்றாசிரியர் ஆ.இரா.வேங்கடாசலபதி தேடிக் கண்டெடுத்தார். அதுவும் கிடைத்த இடம் அமெரிக்கா. காந்தியைப் பற்றித் தமிழர் எடுத்த படத்தின் தமிழ் வடிவம் தமிழ்நாட்டில் இல்லை.

இனி என்ன செய்யலாம்?

புனேயில் தேசியத் திரைப்படக் காப்பகம் 1964இல்தான் தொடங்கியது. அதற்குள் மௌன யுகத்தின் பெரும்பகுதி போய்விட்டது. 2003 ஜனவரியில் அங்கேயே நைட்ரேட் பெட்டகத்தில் தீப்பிடித்து, காப்பாற்றி வைத்திருந்த நூற்றுக்கணக்கான படங்களின் சுருள்கள் அழிந்தன. பிறகு விழிப்பு வந்தது. 2016இல் மத்திய அரசு தேசியத் திரைப்படப் பாரம்பரிய இயக்கத்தைத் தொடங்கியது. மும்பையில் 2014 முதல் இயங்கும் ஃபிலிம் ஹெரிடேஜ் ஃபவுண்டேஷன், 2017இல் சென்னையிலேயே வந்து படப் பாதுகாப்புப் பயிலரங்கு நடத்தியது. நல்ல தொடக்கங்கள் இவை. ஆனால் போதா.

தமிழ்நாட்டுக்குச் சொந்தமாக, வெப்பமும் ஈரமும் கட்டுப்படுத்திய பெட்டகங்களும் பயிற்சி பெற்ற ஆட்களும் கொண்ட முழுமையான திரைப்பட ஆவணக் காப்பகம் வேண்டும். ஐந்து முதல்வர்களைச் சினிமா தந்த மண் இது. அந்த மண்ணுக்கு அது ஆடம்பரம் அல்ல, கடமை. அதில் கதைப்படங்களுக்குத் தரும் இடத்தைச் செய்திப்படங்களுக்கும் தர வேண்டும். மாநாடுகள், வெள்ளம், அணைத் திறப்பு, தேர்தல் கூட்டம், கோயில் திருவிழா, ஆலை வேலைநிறுத்தம் எல்லாம் எங்கெங்கோ 16 எம்.எம். சுருள்களாகக் கிடக்கின்றன. கதைப்படத்தை மறுபடி எடுத்துவிடலாம். நடந்து முடிந்த ஒரு நாளை மறுபடி எடுக்க முடியாது.

பட்டியல் போடுவதற்குக் காப்பகம் கட்டி முடியும்வரை காத்திருக்க வேண்டியதும் இல்லை. எந்த ஊரில், எந்த ஸ்டுடியோவில், எந்தக் குடும்பத்தில் என்ன சுருள் இருக்கிறது என்ற பதிவேடு ஒன்றைப் பல்கலைக்கழகங்களின் ஊடகத் துறைகள் இந்த ஆண்டே தொடங்கலாம். வெர்தோவின் படம் மீண்டது ஒரு தாளில் இருந்த பட்டியலால்தான்.

வாசகர்களிடம் ஒரு வேண்டுகோள். உங்கள் தாத்தா டூரிங் டாக்கீஸ் நடத்தியிருக்கலாம். உங்கள் உறவினர் ஒருவர் ஒளிப்பதிவாளராகவோ, விநியோகஸ்தராகவோ, புரொஜெக்டர் ஆபரேட்டராகவோ இருந்திருக்கலாம். பரணிலோ பழைய பெட்டியிலோ வட்டத் தகர டப்பா இருந்தால் அதைப் பழைய இரும்புக்காரரிடம் போடாதீர்கள். சுருளைப் பிரித்து இழுத்துப் பார்க்காதீர்கள். பிசுபிசுப்போ, கடும் நெடியோ இருந்தால் அடுப்பங்கரையிலிருந்தும் வெயிலிலிருந்தும் விலக்கி, குளிர்ந்த, காற்றோட்டமான இடத்தில் வையுங்கள். டப்பாவின் மேல் எழுதியிருப்பதை அப்படியே ஒரு தாளில் எழுதிக்கொள்ளுங்கள். பிறகு புனே காப்பகத்துக்குத் தகவல் சொல்லுங்கள். பெயர் தெரியாத சுருள் என்று தயங்க வேண்டாம். அதற்குப் பெயர் கண்டுபிடிப்பது அவர்கள் வேலை. அதுவரை அழியாமல் வைத்திருப்பது நம் வேலை.